குத்தகைக் காணிக்குச் சோலைவரி யார் கட்டுவது?

ஜனவரி மாதத்தின் கடைசி வாரத்தில் திருகோணமலையின் உள்ளூராட்சி சபைகளில் வரி செலுத்தும் கருமபீடங்களுக்கு முன்னால் வரிசை நீண்டுவிடும். ஆண்டு முழுவதற்குமான சோலைவரியை அந்த மாதம் 31 ஆம் திகதிக்கு முன் ஒரேயடியாகச் செலுத்தினால் 10 சதவீதம் கழிவு கிடைக்கும் என்பதே அதற்குக் காரணம். அந்த வரிசையில் காணிச் சொந்தக்காரரும் நிற்பார்; அவரிடம் காணியைக் குத்தகைக்கு எடுத்துக் கடையோ விடுதியோ நடத்துபவரும் நிற்பார்; கனடாவிலோ லண்டனிலோ இருக்கும் உறவினரின் காணிக்காக அற்றோணித் தத்துவத்தைப் பையில் வைத்துக்கொண்டு ஒருவர் நிற்பார். பணம் வாங்குபவர் இவர்களை வேறு வேறாகப் பார்ப்பதில்லை. வரி இலக்கமும் தொகையும் சரியாக இருந்தால் அவருடைய வேலை முடிந்தது. தகராறு தொடங்குவது, பற்றுச்சீட்டை வாங்கிக்கொண்டு வெளியே வந்த பிறகு, "இதை நான் ஏன் கட்ட வேண்டும்?" என்று இருவரில் ஒருவர் கேட்கும்போதுதான்.

எங்கள் குடும்பத்திலும் அந்தக் கேள்வி ஒருமுறை எழுந்தது. மத்திய வீதியில் இருந்த ஒரு சிறிய கடையின் மூன்று ஆண்டு வரி நிலுவைக்காக, அதுவரை நல்லது கெட்டதற்கெல்லாம் வந்துபோன இரண்டு வீட்டார் பேச்சை நிறுத்திக்கொண்டார்கள். நிலுவைத் தொகை பெரியதன்று. குத்தகை உறுதியில் அதைப் பற்றி ஒரு வரிகூட எழுதப்படவில்லை என்பதுதான் பெரிய குறையாக இருந்தது. இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டியதும் அந்த நினைவுதான்.

முதலில் சோலைவரி என்பது என்ன என்று பார்ப்போம். ஒரு சபையின் எல்லைக்குள் இருக்கும் வீடு, கட்டடம், காணி ஆகியவற்றின் மீது, அவற்றின் ஆண்டுப் பெறுமதியில் ஒரு குறித்த சதவீதமாக அந்தச் சபை அறவிடும் வரி அது. மாநகர சபைகளுக்கு 1947 ஆம் ஆண்டின் 29 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமும், நகர சபைகளுக்கு 1939 ஆம் ஆண்டின் 61 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமும், பிரதேச சபைகளுக்கு 1987 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கச் சட்டமும் இந்த அதிகாரத்தைக் கொடுக்கின்றன. திருகோணமலை நகரத்தை விட்டு வடக்கே போனால் உப்புவெளி பட்டினமும் சூழலும் பிரதேச சபைக்குள்ளும், நிலாவெளி குச்சவெளிப் பிரதேச சபைக்குள்ளும் வரும். ஆகவே ஒரே கடற்கரை வீதியில் சில மைல் இடைவெளியில் இருக்கும் இரண்டு காணிகளுக்கு வரி கேட்பவர்கள் வேறு வேறு சபையினர். வரிச் சதவீதமும் வேறாக இருக்கலாம். பிரதேச சபைகள் தங்கள் எல்லை முழுவதிலும் இந்த வரியை விதிப்பதில்லை. அபிவிருத்தியடைந்த பகுதி என்று பிரகடனப்படுத்தப்பட்ட இடங்களில்தான் விதிக்க முடியும்.

ஆண்டுப் பெறுமதி என்ற சொல்லைத்தான் பலர் பிழையாக விளங்கிக்கொள்கிறார்கள். அது காணியின் விற்பனை விலையைக் குறிப்பதில்லை. நீங்கள் உண்மையாகக் கொடுக்கும் வாடகையும் அதுவாக இருக்க வேண்டுமென்ற கட்டாயம் இல்லை. ஒரு வாடகைக்காரர் அந்த இடத்துக்கு ஓராண்டில் நியாயமாகக் கொடுக்கக்கூடிய வாடகை எவ்வளவு என்று மதிப்பிட்டு எடுக்கப்படும் தொகையே ஆண்டுப் பெறுமதி. அந்த மதிப்பீட்டைச் செய்யும்போது, பொது வரிகளை வாடகைக்காரரும், திருத்த வேலைகளின் செலவைச் சொந்தக்காரரும் ஏற்றுக்கொள்வதாகச் சட்டம் ஓர் எடுகோளை வைத்துக்கொள்கிறது. இந்த வரைவிலக்கணத்தை எங்கேயோ வாசித்துவிட்டு, "வரி வாடகைக்காரர்தான் கட்ட வேண்டும் என்று சட்டத்திலேயே இருக்கிறது" என்று வாதாடும் சொந்தக்காரர்களை நான் கண்டிருக்கிறேன். அவர்கள் வேண்டுமென்று திரித்துச் சொல்வதில்லை. அளவுகோலைத் தீர்ப்பென்று எண்ணிவிடுகிறார்கள். அந்த வாக்கியம் பெறுமதியை அளப்பதற்கான கற்பனை வாடகைக்காரரைப் பற்றியது. உங்கள் கடையில் இருக்கும் வாடகைக்காரரைக் கட்டுப்படுத்துவதற்காக எழுதப்பட்டதன்று. கட்டடம் சில மாதங்கள் ஆளில்லாமல் பூட்டிக் கிடந்தது என்பதற்காக ஆண்டுப் பெறுமதியில் கழிவு கொடுக்கப்படுவதில்லை என்பதையும் இவ்விடத்திலேயே நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். குத்தகைக்காரர் இடையில் விட்டுப் போன காணிகளில் இது அடிக்கடி கேள்வியாக வருகிறது.

இனி, இந்த விடயத்தில் தெளிவு பெறுவதற்கு இரண்டு கேள்விகளைத் தனித்தனியாக வைத்துப் பார்க்கப் பழக வேண்டும். சபைக்கு வரி போய்ச் சேராவிட்டால் சபை யாரிடம், எதனிடம் கைவைக்கும் என்பது ஒரு கேள்வி. சொந்தக்காரரும் குத்தகைக்காரரும் தங்களுக்குள் அந்தச் சுமையை எப்படிப் பங்கிட்டுக்கொண்டார்கள் என்பது மற்றைய கேள்வி. முதலாவதற்குச் சட்டம் விடை சொல்கிறது. இரண்டாவதற்குக் குத்தகை உறுதிதான் விடை சொல்ல வேண்டும். இவற்றை ஒன்றாகக் குழப்பிக்கொள்வதால்தான் "உறுதியில் அவர் கட்டுவதாக எழுதியிருக்கிறது, ஆகவே சபை அவரைப் போய்ப் பிடிக்கட்டும்" என்ற பேச்சு எழுகிறது. சபை உங்கள் உறுதிக்குக் கட்டுப்பட்ட தரப்பு அன்று. வரி ஆதனத்தைப் பற்றிக்கொண்டு நிற்கிறது. ஆதனத்துக்குப் பொறுப்பானவர் செலுத்தாவிட்டால் சபை அறவீட்டு ஆணை பிறப்பித்து, நிலுவைக்கும் செலவுக்கும் ஈடாகப் பொருட்களைக் கைப்பற்றி விற்க முடியும். அப்போது, அந்த இடத்தில் காணப்படும் அசையும் பொருட்கள் யாருக்குச் சொந்தமானவை என்று பார்க்க வேண்டிய கட்டாயமும் சபைக்கு இல்லை.

குத்தகைக்காரர் அஞ்ச வேண்டிய இடம் இதுதான். சொந்தக்காரர் வரியைக் கட்டாமல் விட்ட காரணத்தால் கடைக்குள் இருக்கும் குளிர்சாதனப் பெட்டியும் மேசைகளும் கைப்பற்றப்படக்கூடும் என்பது கேட்பதற்கு அநியாயமாகவே தோன்றும். அந்த அநியாயத்தைச் சரிசெய்வதற்குச் சட்டம் ஒரு வழியையும் வைத்திருக்கிறது. வேறுவிதமான உடன்பாடு இல்லாதவிடத்து, சொந்தக்காரர் செலுத்த வேண்டிய வரிக்காகத் தன் பொருளை இழந்த வாடகைக்காரர், அல்லது அந்த இழப்பைத் தவிர்ப்பதற்காகப் பணத்தைச் செலுத்திய வாடகைக்காரர், அந்தத் தொகையை அடுத்துவரும் வாடகையில் கழித்துக்கொள்ளலாம். "வேறுவிதமான உடன்பாடு இல்லாதவிடத்து" என்ற சொற்களை இரண்டு முறை வாசியுங்கள். எல்லா வரிகளையும் குத்தகைக்காரரே ஏற்க வேண்டும் என்ற வாசகத்தில் யோசிக்காமல் கையெழுத்திட்டவருக்கு இந்தப் பாதுகாப்பு இல்லாமற்போய்விடுகிறது.

கழித்துக்கொள்வதற்கும் வாடகையை நிறுத்திவைப்பதற்கும் பெரிய வேறுபாடு உண்டு. பற்றுச்சீட்டின் பிரதியை இணைத்து, எவ்வளவு, எந்தக் காலாண்டுக்காகக் கழிக்கப்படுகிறது என்று எழுத்தில் அறிவித்து, மீதி வாடகையை உரிய நாளில் கொடுப்பவரின் நிலை பலமானது. வரித் தகராறு தீரும்வரை வாடகையே தரமாட்டேன் என்று இருப்பவர் வாடகை நிலுவைக்காரராகிவிடுகிறார். அதன்பின் வழக்கு வரியைப் பற்றியதாக இல்லாமல் அவரை வெளியேற்றுவதைப் பற்றியதாக மாறிவிடுகிறது. கோபத்தில் இந்தப் பிழையைச் செய்து, வேண்டிய நியாயத்தையெல்லாம் கையில் வைத்துக்கொண்டே கடையை இழந்தவர்களைப் பற்றி எண்ணும்போது எனக்கு மனம் வருந்துகிறது.

கட்டடம் உள்ள இடத்தை வாடகைக்கு எடுப்பதில் எழும் சிக்கல் இவ்வளவுதான். வெறுங்காணியைக் குத்தகைக்கு எடுத்துக் குத்தகைக்காரரே கட்டடம் எழுப்பும்போதுதான் விடயம் உண்மையாகவே கடினமாகிறது. யுத்தம் முடிந்த 2009 ஆம் ஆண்டுக்குப் பின்னர் அலஸ்தோட்டம், உப்புவெளி, நிலாவெளிப் பக்கங்களில் உல்லாசப் பயணிகளை நம்பி இப்படிப்பட்ட குத்தகைகள் பல எழுதப்பட்டன. ஓர் உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். இதிலுள்ள இலக்கங்கள் விளக்கத்துக்காக நான் வைத்துக்கொண்டவை. ஒருவர் உப்புவெளியில் உள்ள தன் வெறுங்காணியைப் பதினைந்து ஆண்டுக் குத்தகைக்குக் கொடுக்கிறார். அன்று அதன் ஆண்டுப் பெறுமதி 60,000 ரூபாய், வரிச் சதவீதம் 10 என்று கொண்டால், ஆண்டு வரி 6,000 ரூபாய். குத்தகைக்காரர் எட்டு அறைகளும் ஒரு சாப்பாட்டு மண்டபமும் கட்டுகிறார். சபை புதிய கட்டடத்தை மதிப்பீட்டில் சேர்த்ததும் ஆண்டுப் பெறுமதி 300,000 ரூபாயாகிறது. வரி 30,000 ரூபாயாகிறது.

சொந்தக்காரர் சொல்கிறார்: "நான் தந்தது வெறுங்காணி, தம்பி. கூடின வரி உங்கடை கட்டடத்துக்கு." குத்தகைக்காரர் சொல்கிறார்: "ஐயா, தவணை முடிய அந்தக் கட்டடம் உங்களுக்குத்தானே வரப்போகுது." இருவர் சொல்வதிலும் உண்மை இருக்கிறது. நம் நாட்டுக் காணி வழக்குகளுக்கு அடிப்படையான உரோம டச்சுச் சட்டத்தின்படி, நிலத்தில் நிலையாகக் கட்டப்பட்டது நிலத்தோடு சேர்ந்துவிடுகிறது. குத்தகைக்காரர் அதைப் பிரித்து எடுத்துச் செல்லலாம் என்றோ, அதற்கு நட்டஈடு பெறலாம் என்றோ உறுதியில் எழுதியிருந்தால் நிலைமை வேறு. எழுதாவிட்டால், இறுதியில் அந்தக் கட்டடத்தால் பயனடைபவர் சொந்தக்காரர். ஆனால் பதினைந்து ஆண்டுகளுக்கு அதிலிருந்து வருமானம் எடுப்பவர் குத்தகைக்காரர். வரியோ வருமானம் தரக்கூடிய தன்மையை அளவாகக் கொண்டு விதிக்கப்படுகிறது. அதனால், கூடுதல் வரியை அனுபவிப்பவரே ஏற்பதுதான் நியாயம் என்பது என் எண்ணம். ஆனால் அந்த நியாயத்துக்கும் ஓர் எல்லை உண்டு.

சில ஆண்டுகளின் பின்னர் அப்பகுதி முழுவதற்கும் புதிய மதிப்பீடு நடக்கிறது என்று வைத்துக்கொள்வோம். வீதி அகலமாகிவிட்டது, பயணிகள் வருகை கூடிவிட்டது, எல்லா ஆதனங்களின் பெறுமதியும் 20 சதவீதம் உயர்கிறது. வரி 36,000 ரூபாயாகிறது. இப்போது குத்தகை தொடங்கிய நாளில் இருந்த 6,000 ரூபாயைத் தவிர மீதி 30,000 ரூபாயையும் குத்தகைக்காரர் மீது ஏற்றுவது சரியாகாது. வெறுங்காணியாகவே கிடந்திருந்தாலும் அதன் வரி 7,200 ரூபாயாகியிருக்கும். அந்த உயர்வு நிலத்தின் உயர்வு. அதனால் சொந்தக்காரரின் முதல் பெருகியிருக்கிறது. ஆகவே 7,200 ரூபாய் சொந்தக்காரருக்கும் 28,800 ரூபாய் குத்தகைக்காரருக்கும் என்று பிரிப்பதே பொருத்தமானது. கையெழுத்திடும் நாளின் ஆண்டுப் பெறுமதியை உறுதியிலேயே குறித்துவைத்து, மதிப்பீடு மாறும் ஒவ்வொரு முறையும் அதே விகிதத்தில் பங்கிடுவதாக ஒரு வாக்கியம் எழுதிவிட்டால், பதினைந்து ஆண்டுகளுக்குச் சண்டை இல்லை. பொது மதிப்பீடு ஒவ்வொரு முறை தள்ளிப்போகும்போதும் அடுத்த உயர்வு ஒரேயடியாகப் பாய்ந்து வரும் என்பதால், நீண்ட குத்தகைகளுக்கு இந்த வாக்கியம் மிகவும் அவசியம்.

வரி அதிகம் என்று நினைப்பவர்கள் தமக்குள் சண்டையிடுவதற்கு முன் செய்ய வேண்டிய வேலை ஒன்று இருக்கிறது. புதிய மதிப்பீடு வரும்போது சபை அறிவித்தல் அனுப்பும். அந்த அறிவித்தலில், ஆட்சேபனையை எந்த நாளுக்கு முன் எழுத்தில் கொடுக்க வேண்டும் என்று குறிப்பிடப்பட்டிருக்கும். ஆட்சேபனையைச் சபை விசாரித்துத் தீர்மானிக்கும். அந்தத் தீர்மானத்தில் திருப்தியில்லாதவர் சட்டம் விதித்த காலத்துக்குள் நீதிமன்றத்துக்குப் போகலாம். சிக்கல் என்னவென்றால், அறிவித்தல் பெரும்பாலும் காணியில் இருப்பவரின் கைக்கே வந்து சேர்கிறது. அவர் அதை மேசை இழுப்பறையில் போட்டுவிடுகிறார். வெளிநாட்டில் இருக்கும் சொந்தக்காரருக்குத் தெரியவரும்போது நாள் கடந்துவிடுகிறது. நாள் கடந்த பின் அந்த மதிப்பீட்டின்படியே வரி நிலுவை ஏறத் தொடங்கும். அறிவித்தல் கிடைத்தால் ஒரு வாரத்துக்குள் மற்றவருக்கு அதன் படத்தை அனுப்ப வேண்டும் என்று உறுதியில் ஒரு நிபந்தனை சேர்ப்பதற்குக் காசு செலவாவதில்லை.

இனி, பணத்தைவிட ஆழமான அச்சம் ஒன்றைப் பற்றிப் பேச வேண்டும். பல சொந்தக்காரர்கள், முக்கியமாக ஊரில் இல்லாதவர்கள், குத்தகைக்காரர் வரி கட்டுவதையே விரும்புவதில்லை. "அவருடைய பெயரில் பத்து வருடப் பற்றுச்சீட்டு இருந்தால் காணி அவருக்குப் போய்விடும்" என்று அஞ்சுகிறார்கள். நீண்டகால ஆட்சியால் உரிமை பெறுவது பற்றிய 1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் பத்து ஆண்டு ஆட்சியைப் பேசுவது உண்மைதான். ஆனால் அந்த ஆட்சி உரிமையாளருக்கு எதிரானதாக, அவருடைய உரிமையை ஏற்றுக்கொள்ளாததாக இருக்க வேண்டும். வாடகை கொடுத்து, அனுமதியுடன் இருப்பவரின் ஆட்சி அப்படிப்பட்டதன்று. அதோடு 1895 ஆம் ஆண்டின் 14 ஆம் இலக்கச் சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 116 ஆம் பிரிவு, குத்தகை தொடரும் காலத்தில், அது தொடங்கிய போது காணியைக் கொடுத்தவருக்கு உரிமை இருந்தது என்பதைக் குத்தகைக்காரர் மறுப்பதற்கு இடம் கொடுப்பதில்லை. வரிப் பற்றுச்சீட்டு காணி உறுதி ஆகாது. வரி இடாப்பில் பெயர் மாறியதால் உரிமையும் மாறிவிடுவதில்லை.

இருந்தாலும் அந்த அச்சத்தை வீண் பயமென்று தள்ளிவிடவும் நான் தயாரில்லை. இடம்பெயர்ந்து பல ஆண்டுகள் கழித்து வந்து, தன் காணியில் வேறொருவரின் பெயர்ப் பலகையைப் பார்த்தவருக்கு அந்த அச்சம் அனுபவத்திலிருந்து வந்தது. குத்தகை வாய்ப்பேச்சாக மட்டும் இருந்து, வாடகையும் ஒரு கட்டத்தில் நின்றுபோய், பற்றுச்சீட்டுகள் மட்டும் ஒருவரின் பெயரில் ஆண்டுக்கணக்கில் சேர்ந்தால், யார் ஆட்சியில் இருந்தார் என்பதற்கு அவை சான்றாக நீதிமன்றத்தில் வைக்கப்படும். ஆகவே தீர்வு வரி கட்டுவதைத் தடுப்பதில் இல்லை. இடாப்பில் சொந்தக்காரரின் பெயர் அப்படியே இருக்க வேண்டும். குத்தகைக்காரர் செலுத்தினால் சொந்தக்காரரின் சார்பில் செலுத்துவதாக எழுத்தில் இருக்க வேண்டும். மூலப் பற்றுச்சீட்டு சொந்தக்காரரிடமும் பிரதி குத்தகைக்காரரிடமும் இருக்க வேண்டும்.

அந்த எழுத்தும் சரியான வடிவத்தில் இருக்க வேண்டும். மோசடிகளைத் தடுப்பதற்கான 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின்படி, ஒரு மாதத்துக்கு மேற்பட்ட குத்தகை நொத்தாரிசு முன்னிலையில், இரண்டு சாட்சிகளுடன் எழுதப்பட வேண்டும். முத்திரை ஒட்டிய தாளில் இருவரும் கையெழுத்திட்டு வைத்திருக்கும் ஒப்பந்தத்தை நம்பிப் பத்தாண்டு முதலீடு செய்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். நொத்தாரிசு எழுதிய உறுதியைக் காணிப்பதிவகத்தில் பதிந்தும் கொள்ள வேண்டும்.

கோயில் காணிகளையும் அரச காணிகளையும் பற்றிச் சுருக்கமாகச் சொல்லலாம். வழிபாட்டுக்கென்றே இருக்கும் கட்டடத்துக்கு வரிவிலக்கு உண்டு. அந்தக் கோயிலுக்குச் சொந்தமான காணியில் வாடகைக்கு விடப்பட்ட கடைகளுக்கும் அதே விலக்கு இருப்பதாக எண்ணுவது பிழை. பயன்பாடுதான் விலக்கைத் தருகிறது. கோயில் கடையில் இருப்பவர், வரியைத் தர்மகர்த்தா சபை கட்டுகிறதா, தானே கட்ட வேண்டுமா என்பதைக் கேட்டு எழுத்தில் பெற்றுக்கொள்வது நல்லது. 1947 ஆம் ஆண்டின் 8 ஆம் இலக்க அரச காணிக் கட்டளைச் சட்டத்தின் கீழ் நீண்டகாலக் குத்தகை பெற்றவர், பிரதேச செயலகத்துக்குச் செலுத்தும் குத்தகைப் பணமும் சபைக்குச் செலுத்தும் சோலைவரியும் வேறு வேறானவை என்பதை அறிந்திருக்க வேண்டும். ஒன்றைக் கட்டிய பற்றுச்சீட்டைக் காட்டி மற்றதைத் தீர்க்க முடியாது.

தகராறு எழுந்த பிறகு என்ன செய்வது? சபையின் கருமபீடத்தில் போய் நியாயம் கேட்பதால் பயனில்லை. இருவருக்கிடையிலான பங்கீட்டைச் சபை தீர்மானிக்காது. சிறிய தொகைக்கான தகராறுகள் நீதிமன்றத்துக்குப் போகுமுன் 1988 ஆம் ஆண்டின் 72 ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் அமைந்த மத்தியஸ்த சபைக்குப் போக வேண்டும். அங்கே போகும்போது கையில் இருக்க வேண்டியவை குத்தகை உறுதி, குத்தகை தொடங்கிய ஆண்டின் மதிப்பீட்டு விபரம், வரிப் பற்றுச்சீட்டுகள், ஒருவருக்கொருவர் அனுப்பிய கடிதங்கள். கட்டடம் 1972 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க வாடகைச் சட்டத்துக்கு உட்பட்டதாக இருந்தால் கணக்கு மேலும் மாறும்; அதில் வாடகையின் உச்ச அளவே ஆண்டுப் பெறுமதியோடும் வரியோடும் பிணைந்திருக்கிறது. அப்படிப்பட்ட இடங்களில் சட்டத்தரணி ஒருவரின் ஆலோசனை இல்லாமல் ஒரு ரூபாயையும் கழிக்க வேண்டாம்.

குத்தகைத் தவணை முடிந்து திறப்பை ஒப்படைக்கும் நாளில் இன்னும் ஒரு வேலை இருக்கிறது. இருவரும் சேர்ந்து சபைக்குப் போய், அந்த வரி இலக்கத்தில் அன்றுவரை நிலுவை எவ்வளவு என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். முற்பணத்தைத் திருப்பிக் கொடுப்பதும் பெறுவதும் அந்தத் தாளைப் பார்த்த பின்னர் நடக்கட்டும்.